முதல் நாயகியும் நம் கடமையும்

காவிரி கடலொடு கலக்கும் பூம்புகாரில் ஆடன்மகள் ஒருத்தி அரங்கேறிய செய்தியை இளங்கோவடிகள் எழுதிவைத்த முறை பெரிதும் கருதத்தக்கது. மாதவி ஐந்தாம் ஆண்டிற் பயிற்சி தொடங்கி, ஏழாண்டு கற்று, பன்னிரண்டாம் ஆண்டில் வேந்தன் அவையில் ஆடினாள் என்ற அளவில் அவர் அமைந்தாரில்லை. ஆடலாசிரியன், இசையாசிரியன், புலவன், தண்ணுமையோன், குழலோன், யாழோன் ஆகிய அறுவர்க்கும் வேண்டிய தகுதிகளைத் தனித்தனியே விரித்துரைத்தார். அரங்கின் அளவையுங் கூறினார். அகலம் 7 கோல். நீளம் 8 கோல். உயரம் 1 கோல். அக்கோல் எத்தகைய மூங்கிலிற் கொள்ளப்பட்டது, எத்தனை விரல் அளவினது என்பதையும் விட்டாரல்லர். முடிவில், மாதவி பெற்ற தலைக்கோற் பட்டத்தையும் 1008 கழஞ்சு பொன்னையும் கணக்கில் எழுதினார். ஒரு பெண்ணின் கலை ஒரு நகரத்தின் செல்வம் என்னும் எண்ணம் உடையாரே இவ்வாறு எழுதுவர்.

அதே காவிரியின் கரையில், புகாருக்கு மேற்கே, திருவையாற்றில் 1911ஆம் ஆண்டு நவம்பர்த் திங்கள் 11ஆம் நாள் டி. பி. இராஜலக்ஷ்மி அம்மையார் பிறந்தார். தமிழ் பேசிய முதற் படத்தின் நாயகி அவரே. தென்னாட்டிற் படம் இயக்கிய முதற் பெண்மணியும் அவரே. 1931ஆம் ஆண்டு அவர் நடித்த அம்முதற் படம் இன்று இல்லை. 1936ஆம் ஆண்டு அவர் இயக்கிய படமும் மறைந்தது. எத்தனையோ நூற்றாண்டுகட்கு முன் எழுதப்பட்ட காப்பியத்தில் மாதவியின் அரங்க அளவைக் காண்கின்றோம். நூறாண்டும் நிறையாத காலத்து நாயகியின் முதற் படத்தில் ஓரடி நீளச் சுருளும் நம்மிடம் இல்லை. இம்முரண்பாடு நம்மை நாணச் செய்தல் வேண்டும். அந்நாணம் ஒரு செயலாக முடிதலும் வேண்டும். இதுவே யான் ஈண்டுக் கூற விழைவது.

முதற்கண் அம்மையாரின் வரலாற்றைச் சிறிது நோக்குவோம். அவர் தந்தையார் பஞ்சாபகேச சாஸ்திரிகள். தாயார் மீனாக்ஷி அம்மாள். குழந்தை மணத்தைத் தடுக்கும் சாரதா சட்டம் 1929ஆம் ஆண்டிலேயே இயற்றப்பட்டது. அதற்கு முன்னை நாளிற் பிறந்தவராதலின், அவர்க்குச் சிறு பிராயத்திலேயே மணம் முடிந்தது; அம்மணம் நிலைக்கவில்லை. தந்தையாரும் காலமானார். ஆதரவற்ற தாயும் மகளும் திருச்சிராப்பள்ளியை அடைந்தனர். நன்றாகப் பாடும் குரலொன்றே அச்சிறுமியின் உடைமை. அதனைத் துணைக்கொண்டு அவர் சாமண்ணா என்பாரின் நாடகக் கம்பெனியிற் சேர்ந்தார்.

இச்செயலின் அருமையை இக்காலத்து மாணவர் உணர்தல் எளிதன்று. அந்நாளில் நாடக மேடை பெருங்குடும்பத்துப் பெண்டிர்க்கு உரிய இடமாகக் கருதப்படவில்லை. சங்கரதாஸ் சுவாமிகள் 1918ஆம் ஆண்டு மதுரையில் நிறுவியது போன்ற பாலர் சபைகளிற் பெண் வேடத்தையும் சிறுவரே புனைந்தனர். வைதிகக் குடும்பத்துப் பெண்ணொருத்தி முகத்திற் சாயம் பூசி ஆடவரோடு நின்று பாடுவதென்றால், ஊரார் வாய்க்கு அது நீங்காத விருந்தாகும். உறவினர் கதவடைப்பர். ஆயினும் பசிக்கு ஊரார் வாய்ச்சொல் மருந்தாகாது. அம்மையார் ஊராரின் உடன்பாட்டை எதிர்பார்த்து நின்றாரில்லை, உழைத்தார். கம்பெனி விட்டுக் கம்பெனி மாறி, எஸ். ஜி. கிட்டப்பா, எம். கே. தியாகராஜ பாகவதர் முதலிய பெரும் பாடகரோடு மேடையில் நின்று பெயர் பெற்றார்.

அக்காலத்தில் திரைப்படம் பேசத் தொடங்கியது. பம்பாயில் அர்தேஷிர் இரானி என்பார் 1931ஆம் ஆண்டு மார்ச்சு 14ஆம் நாள் 'ஆலம் ஆரா' என்னும் முதல் இந்தியப் பேசும் படத்தை வெளியிட்டார். அவரே எச். எம். ரெட்டியைக் கொண்டு 'காளிதாஸ்' என்னும் படத்தையும் எடுப்பித்தார். அது 1931ஆம் ஆண்டு அக்டோபர் 31ஆம் நாள் சென்னைக் கினிமா சென்ட்ரல் அரங்கில் வெளிவந்தது. அதில் ஒரு வியப்பு உண்டு. நாயகராக நடித்த பி. ஜி. வெங்கடேசன் தெலுங்கிற் பேசினார். நாயகியாகிய இராஜலக்ஷ்மி அம்மையார் தமிழிற் பேசினார். எனவே, அப்படத்தைத் தமிழ்ப் படமென்று நாம் உரிமை கொண்டாடுதற்கு முதற் காரணம் அப்பெண்மணியின் நா அன்றி வேறில்லை. படத்தொடு காட்டப்பட்ட பாட்டுக்களில், மதுரை பாஸ்கரதாஸ் இயற்றிய, காந்தியடிகளின் இராட்டினத்தைப் போற்றும் பாட்டும் ஒன்று. காளிதாசன் கதைக்கும் கைராட்டினத்துக்கும் என்ன தொடர்பு என்று கேட்டார் எவருமிலர். எழுத்தறியாத மக்கள் செவியில் நாட்டுப்பற்று இங்ஙனம் ஒரு பெண்ணின் பாட்டின் வழியே புகுந்தது.

அதன்பின் வாய்ப்புகள் அவரைத் தேடி வந்தன. சாமிக்கண்ணு வின்சென்ட் அவர்களின் முயற்சியால் கல்கத்தாவில் உருவாகி 1933ஆம் ஆண்டு வெளிவந்த 'வள்ளி திருமணம்' பெரும்பொருள் ஈட்டியது. அடுத்த ஆண்டு 'திரௌபதி வஸ்திராபஹரணம்' வந்தது. 1934ஆம் ஆண்டு வரையிற் சென்னையில் ஒலிப்பதிவுக்குரிய படநிலையம் இல்லாமையால், தமிழ் நடிகர் பம்பாய்க்கும் கல்கத்தாவுக்கும் இரயிலேறிச் சென்று, மொழி தெரியாத ஊரிற் பல வாரம் தங்கி நடித்து மீண்டனர். மக்கள் அம்மையாரைச் 'சினிமா ராணி' என்று அழைத்தனர். மாதவி வேந்தன் கையிற் பெற்றது தலைக்கோல். இவர் குடிமக்கள் வாயாற் பெற்றது இப்பட்டம்.

ஆயினும், யான் பெரிதாகக் கருதுவது அப்பட்டத்தை அன்று. 1936ஆம் ஆண்டு அவர் 'மிஸ் கமலா' என்னும் படத்தை வெளியிட்டார். தாம் எழுதிய 'கமலவல்லி' என்னும் நாவலையே படமாக்கினார். ஸ்ரீ ராஜம் டாக்கீஸ் என்னும் தம் நிறுவனத்தின் பெயரால் தாமே முதலிட்டார், தாமே இயக்கினார், தாமே நாயகியாகவும் நடித்தார். இந்தியாவில் அவர்க்கு முன் படம் இயக்கிய பெண்மணி, 1926ஆம் ஆண்டு பம்பாயில் ஊமைப் படம் இயக்கிய ஃபாத்மா பேகம் ஆவார். அமெரிக்காவின் ஹாலிவுட் நகரத்துப் பெரும் படநிலையங்களிலும் 1936ஆம் ஆண்டளவில் இயக்குநர் நாற்காலியில் அமர்ந்த பெண் டோரதி ஆர்ஸ்னர் ஒருவரே எனலாம். புராணக் கதைகளே படமாகிவந்த காலத்தில், ஒரு பெண்ணின் மணவாழ்வைப் பொருளாகக் கொண்ட சமூகக் கதையை, அத்தகைய மணத்தின் துயரைத் தாமே அறிந்த ஒருவர், தம் சொல்லாலும் தம் பொருளாலும் திரையில் ஏற்றினார் என்பது எளிய செய்தியன்று. பின்னர் 'மதுரை வீரன்' என்னும் படத்தையும் அவர் இயக்கினார். 1938ஆம் ஆண்டு வெளிவந்த 'நந்தகுமார்' படத்தில் டி. ஆர். மகாலிங்கம் கண்ணனாகத் தோன்ற, அம்மையார் யசோதையாக நடித்தார். நாயகியர் தாயாராதல் திரையுலக வழக்கு. 1940களில் வாய்ப்புகள் அருகின. 1964ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 20ஆம் நாள் அவர் காலமானார்.

அந்த 1964ஆம் ஆண்டைச் சற்றே நின்று நோக்குக. அவர் மறைந்த அடுத்த திங்களில், நம் ஊரின் பெயரையே தலைப்பாகக் கொண்ட 'பூம்புகார்' என்னும் படம் வெளிவந்தது. கொடுமுடி கே. பி. சுந்தராம்பாள் அம்மையார் கவுந்தியடிகளாகத் தோன்றிய அப்படத்தை இன்றும் எவரும் காணலாம். அவ்வாண்டு பிப்ரவரித் திங்களிலேயே புனேயில் இந்தியத் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் நிறுவப்பட்டது. அஃதாவது, படங்களைக் காத்தல் வேண்டும் என்னும் அறிவு நாட்டுக்கு வந்த ஆண்டிலேயே, காத்திருக்க வேண்டிய முதற் படங்களின் நாயகி கண் மூடினார். அதற்குள் அவர் படங்களுட் பல மண்ணாயின.

அவை எங்ஙனம் மறைந்தன என்பதையும் அறிதல் நன்று. அக்காலத்துப் படச்சுருள் செல்லுலோஸ் நைட்ரேட் என்னும் பொருளால் ஆயது. அஃது எளிதில் தீப்பற்றும். தீப்பற்றாவிடினும் வெப்பத்தாலும் ஈரத்தாலும் பிசுபிசுத்துப் பொடியாகும். நம் நாட்டின் வெயிலும் மழையும் அதற்குப் பெரும் பகை. அன்றியும், சுருளின்மேற் பூசிய மருந்தில் வெள்ளி உண்டு. ஓடி முடிந்த படத்தைக் கழுவி வெள்ளி எடுத்தல் பல நாட்டிலும் நடந்த வாணிகம். ஆக, நெருப்பும் நீரும் கொண்டவை போக, எஞ்சியதை வெள்ளியாசை கொண்டது.

இக்குறை தமிழ்நாட்டுக்கு மட்டும் உரியதன்று. அமெரிக்கப் பாராளுமன்ற நூலகம் 2013ஆம் ஆண்டு வெளியிட்ட ஆய்வின்படி, 1912 முதல் 1929 வரை அந்நாட்டில் வெளிவந்த ஏறத்தாழ 10,900 நெடும் ஊமைப் படங்களுள், முதலில் வெளிவந்த வடிவிலேயே முழுமையாக எஞ்சியவை நூற்றுக்கு 14 மட்டுமே. அங்கே ஃபிளாரன்ஸ் லாரன்ஸ் என்னும் நடிகை இருந்தார். தொடக்க நாளில் நடிகர் பெயரைக் கம்பெனியார் வெளியிடுவதில்லை. பெயர் பரவினாற் கூலி மிகும் என்பது அவர் அச்சம். ஆதலின் மக்கள் அவரைக் கம்பெனியின் பெயரோடு சேர்த்து 'பயோகிராப் பெண்' என்றே அறிந்தனர். 1910ஆம் ஆண்டு வேறொரு கம்பெனியார் அவர் பெயரைப் பறையறைந்து வெளியிட்டனர். அவரே 1938ஆம் ஆண்டு வறுமையில் மாண்டபோது, பெயர் பொறித்த கல்லும் இன்றிப் புதைக்கப்பட்டார். 1991ஆம் ஆண்டில்தான், நடிகர் ஒருவர் தம் பொருளால் அவர் கல்லறைக்குப் பெயர்க்கல் நாட்டினார். பெயரை மறைத்து ஈட்டிய உலகம் பின்னர் அப்பெயரையே மறந்தது. ஆனால், மறந்தோம் என்று உணர்ந்தபின் அந்நாட்டார் ஒரு கல்லேனும் நாட்டினர். எஞ்சியவற்றை எண்ணிக் கணக்கேனும் எழுதினர். நாம் அதனினும் குறைவாகச் செய்தல் தகுமோ?

இனி, இக்கருத்துக்கு எதிராகக் கூறப்படுவன இரண்டு. ஒன்று: "இராஜலக்ஷ்மியை யார் மறந்தனர்? முதல் தமிழ்ப் பட நாயகி யார் என்னும் வினாவுக்குப் பள்ளிச் சிறுவனும் விடை கூறுவனே, 1961ஆம் ஆண்டு அரசின் கலை விருதும் அவர்க்குக் கிடைத்ததே" என்பது. இதற்கு விடை சிலப்பதிகாரத்தின் உரையிலேயே உள்ளது. அடியார்க்குநல்லார் தம் உரையில் முறுவல், சயந்தம், குணநூல், செயிற்றியம் என்னும் நாடகத் தமிழ் நூல்களின் பெயர்களைக் கூறி, அவை இறந்தன என்கின்றார். அந்நூல்களின் பெயர் நமக்குத் தெரியும். அதனால் நாடகத் தமிழ் நமக்குத் தெரியும் என்று கூறுவார் உளரோ? 'முதல்வர்' என்னும் ஒரு சொல்லாற் போற்றி விடுதல், ஒருவரை மறத்தற்கு மிக எளிய வழியாகும். அவர் எவ்வாறு பாடினார், எவ்வாறு எழுதினார், எதனை எதிர்த்து நின்றார் என்பனவே அவர். வினாவிடைப் புத்தகத்தில் உள்ளது அவருடைய பெயர்ப்பலகை.

மற்றொன்று: "அப்படங்கள் ஐம்பது பாட்டும் அரைகுறை நடிப்புமாக இருந்தன; அவற்றைக் காத்து யாது பயன்? கல்லூரிக்கும் சினிமாவுக்கும் என்ன தொடர்பு?" என்பது. பழையதெல்லாம் சிறந்ததென்று யான் வாதிடவில்லை. கீழையூரில் 1960களில் தொல்லியலார் அகழ்ந்தெடுத்த செங்கற் படகுத்துறையும் ஒரு சிதைந்த மேடையே. அழகு கருதியோ அதனை அகழ்ந்தனர்? புகாரின் கடல் வாணிகத்துக்கு அது சான்று என்பது கருதியே அகழ்ந்தனர். கைராட்டினப் பாட்டு எவ்வாறு பாமரர் செவியை எட்டியது, மேடைத் தமிழ் எவ்வாறு திரைத் தமிழாயிற்று, ஒரு பெண் தன் கதையைத் தானே கூறத் துணிந்தபோது எத்தகைய தமிழிற் கூறினாள் என்பனவற்றுக்கு அப்படங்கள் சான்று. சான்றைத் தேடுதல் கல்லூரியின் தொழில் அன்று எனின், கல்லூரிக்கு வேறு தொழில் யாது?

நிற்க. போனது போயிற்று, இனிச் செய்வது என்னை என்று மாணவர் வினவலாம். சிலப்பதிகாரமே வழிகாட்டும். அதுவும் அழியும் நிலையில் இருந்த நூலே. கும்பகோணம் அரசாங்கக் கல்லூரியில் ஆசிரியராக இருந்த டாக்டர் உ. வே. சாமிநாதையரவர்கள் வீடு வீடாகச் சென்று ஏடு தேடி, ஒப்புநோக்கி, 1892ஆம் ஆண்டு அதனை அச்சிட்டார். அவ்வேடுகள் இருந்த இடங்கள் யாவும் அரண்மனைகள் அல்ல. பரணிலும் பெட்டியிலும், அதன் அருமை அறியாதார் வீட்டிலும் அவை கிடந்தன. அவர் தேடியிராவிடின் மாதவியும் இன்று நமக்கு ஒரு பெயராகவே இருந்திருப்பாள். பூம்புகாரில் 1973ஆம் ஆண்டு எழுந்த சிலப்பதிகாரக் கலைக்கூடமும் எழுந்திராது. புகாருக்குத் தெற்கே தரங்கம்பாடியில் 1706ஆம் ஆண்டு வந்திறங்கிய சீகன்பால்கு ஐயரும், 1708ஆம் ஆண்டில் தாம் திரட்டிய தமிழ் நூல்களுக்கு ஒரு பட்டியல் எழுதினார். அதனால் அக்காலத்து இப்பகுதித் தமிழர் ஓதிய நூல்கள் இன்னவை என அறிகின்றோம். ஒருவர் தேடினார், ஒருவர் பட்டியல் எழுதினார். இருவர் செயலும் பெரும்பொருள் கொண்டு தொடங்கியன அல்ல.

திரைப்படச் சுருள் மறைந்தாலும், அதனைச் சூழ்ந்து பிறந்த காகிதம் முற்றும் மறையவில்லை. அந்நாளிற் கொட்டகை வாயிலிற் பாட்டுப்புத்தகம் சில காசுக்கு விற்றனர். அதிற் கதைச்சுருக்கமும், நடிகர் பெயரும், பாட்டுக்களும், சிலவற்றில் நிழற்படமும் இருக்கும். நாடகக் கம்பெனியார் வண்டியில் மேளங்கொட்டி வழங்கிய துண்டு விளம்பரங்கள் உண்டு. கிராமபோன் இசைத்தட்டுக்கள் உண்டு. பழைய வார, மாத இதழ்களின் விமரிசனங்கள் உண்டு. சென்னையில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இத்தகையவற்றைப் பேணி வருகின்றது. அதுவும் கோட்டையூரில் ஒரு தனி மனிதர் தம் வீட்டிற் சேர்த்து வைத்த புத்தகக் குவியலிலிருந்து பிறந்ததே. ஆயினும் தஞ்சை மயிலாடுதுறைப் பக்கத்துக் கிராமங்களின் பரண்களைச் சென்னை நூலகத்தார் வந்து தேடுதல் இயலாது. அப்பரண்கள் நம் மாணவர் வீட்டுப் பரண்கள்.

ஆகவே யான் வேண்டுவன மூன்று. முதலாவது, கோடை விடுமுறைக்கு ஊர் செல்லும் மாணவர் ஒவ்வொருவரும் தம் வீட்டிலும் அண்டை வீட்டிலும் 1950ஆம் ஆண்டுக்கு முற்பட்ட பாட்டுப்புத்தகம், விளம்பரத் தாள், இசைத்தட்டு ஆகியன உளவோ என்று வினவுதல். கிடைத்ததைப் பறித்து வர வேண்டியதில்லை. உடையார் இசைவோடு கைப்பேசியிற் பக்கம் பக்கமாகப் படம் எடுத்தாலே போதும். இரண்டாவது, நம் கல்லூரி நூலகத்தில் அவற்றுக்கு ஒரு பட்டியல் எழுதுதல். படத்தின் பெயர், ஆண்டு, நடித்தோர், கிடைத்த ஊர் ஆகிய நான்கும் அதில் இருத்தல் வேண்டும். மூன்றாவது, அப்பட்டியலின் படியை ஆவணக் காப்பகங்களுக்கு ஆண்டுதோறும் அனுப்புதல். இதற்குப் பெரும்பொருள் வேண்டா, மனம் வேண்டும். பழைய மாணவர்களும் இதிற் கை கொடுக்கலாம். கீற்றுக் கொட்டகையில் மணலிற் குந்திப் படம் பார்த்த பெரியோர் இன்னும் நம்மிடையே உளர். அவர் தம் பெற்றோர் வாயிலாகக் கேட்ட செய்திகளும் உள. அவற்றை எழுதிக்கொள்ளுதற்கு இதுவே கடைசித் தலைமுறை.

தேடும்போது நாயகியர் பெயரோடு நின்றுவிடலாகாது என்பதையும் வற்புறுத்துவேன். இளங்கோவடிகள் மாதவியோடு குழலோனையும் தண்ணுமையோனையும் எழுதினார். நாமும் ஆர்மோனியம் வாசித்தவர், பாட்டெழுதியவர், பின்வரிசையில் ஆடிய பெண்கள் ஆகியோர் பெயரையும் எழுதுதல் வேண்டும். அவருட் பலர் பெயர் ஒரு பாட்டுப்புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் மட்டுமே வாழ்ந்திருத்தல் கூடும். அப்பக்கம் கிழிந்தால் அவர் இரண்டாம் முறை இறப்பர்.

இத்தேடலினால் காளிதாஸ் படச்சுருள் கிடைத்துவிடும் என்று யான் ஆசை காட்டவில்லை. கிடைப்பது ஒரு கிழிந்த புத்தகமாக இருக்கலாம். கீறல் விழுந்த ஓர் இசைத்தட்டாக இருக்கலாம். ஆனால், கடல் கொண்ட புகாரை நாம் அறிவதும் ஒரு காப்பியத்தாலும் சில செங்கல்லாலுமே அன்றோ? கடலைக் குறைகூறிக் கரையில் நிற்றல் நம் முன்னோர் செயலாக இருந்ததில்லை. திருவையாற்றிற் பிறந்து, திக்கற்ற சிறுமியாக மேடையேறி, தமிழுக்குத் திரையில் முதற் குரல் கொடுத்த பெண்மணிக்கு அவர் பிறந்த சோழவளநாட்டு மாணவர் செய்யும் நன்றி, மாலையிட்ட படமாக மட்டும் இருத்தல் வேண்டா. அடுத்த ஆண்டு இவ்விதழில், நம் மாணவர் தேடித் தொகுத்த பட்டியலின் முதற் பக்கம் அச்சேறுமாக.